ஏற்காட்டில் பாடினால் சேலத்தில் நேரம் ஓடுமா? கணக்குப் பார்க்கும் இழை

மலைக்கதைக்காரன் | நவம்பர் 3, இரவு 9.12

ஒரு கதை எழுதுகிறேன். ஏற்காட்டில் ஒரு காபித் தோட்டம், அதில் காபி காயவைக்கும் பழைய களம். 24 பேர் கொண்ட பாடகர் குழு அங்கே நின்று ஒரு மணி நேரம் பாடுகிறது. முடித்துவிட்டு இறங்கினால் சேலத்தில் ஒரு முழு நாள் போயிருக்கும். உயரம் கூடினால் காலம் மெதுவாகும் என்று விஞ்ஞானமே சொல்கிறது, மலைக்குக் கொண்டுபோன கடிகாரம் பின்தங்குவதும் தெரிந்ததுதான். பாட்டு அதைப் பெரிதாக்குகிறது என்று எழுதிவைத்திருக்கிறேன். குழுவை எப்படி நிறுத்துவது, எந்தத் தாளம், எது கெட்டுப்போகும்? 'மந்திரம்' என்று சொல்லித் தப்பிக்கப் பிடிக்கவில்லை.

சுருதிப்பெட்டி | நவம்பர் 3, இரவு 10.40

முதல் வரியிலேயே தலைகீழ். உயரத்தில் காலம் வேகமாகத்தான் ஓடும். ஈர்ப்பு எங்கே அழுத்தமோ அங்கேதான் மெதுவு. சேலம் கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 280 மீட்டர், ஏற்காடு ஏறத்தாழ 1,500. ஒவ்வொரு மீட்டருக்கும் பத்தாயிரம் லட்சம் கோடியில் ஒரு பங்கு வேகம் கூடும். நடுவில் இருக்கும் 1,200 சொச்சம் மீட்டருக்கு ஒரு நாளில் 11 அல்லது 12 நானோசெகண்டு தேறும். நூறு வருஷம் மேலேயே உட்கார்ந்திருந்தாலும் அரை மில்லிசெகண்டு வராது.

குழு போடும் சத்தத்தின் சக்தியால் காலம் வளைகிறது என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். 24 பேர் தொண்டை கிழியக் கத்தினாலும் காற்றில் சேரும் ஒலிச்சக்தி சில வாட்டுக்குள் அடங்கிவிடும். ஒரு சாதாரண எல்.இ.டி. பல்புக்குக் கூடக் காணாது.

ரவைத்தொப்பி | நவம்பர் 4, காலை 6.55

கடிகாரம் பின்தங்கும் என்பது பொய்யில்லை, காரணம்தான் வேறு.

பெண்டுலம் கடிகாரம்: மேலே ஈர்ப்பு கொஞ்சம் குறைவு, அதனால் ஆட்டம் மெதுவாகும். சேலத்தில் சரிபார்த்த கடிகாரத்தை ஏற்காட்டில் மாட்டினால் நாளுக்கு 10 முதல் 17 விநாடி பின்தங்கும். மலையின் பாறையே பெண்டுலத்தை இழுப்பதை எவ்வளவு கணக்கில் எடுக்கிறோமோ அதைப் பொறுத்து இந்த எண் மாறும். குளிரில் இரும்புத் தண்டு சுருங்குவதால் 8 டிகிரிக்கு 4 விநாடி திரும்பக் கிடைக்கும்.

பேட்டரி கடிகாரம்: உள்ளே இருக்கும் 32,768 ஹெர்ட்ஸ் படிகம் 25 டிகிரியில் சரியாக ஓடும்படி வெட்டப்பட்டது. அங்கிருந்து விலகினால் குளிரானாலும் சூடானாலும் மெதுவாகத்தான் ஆகும். 15 டிகிரியில் மேசை இழுப்பறைக்குள் கிடந்தால் நாளுக்கு 0.3 விநாடி போகும். ஐன்ஸ்டீன் கொடுக்கும் 12 நானோசெகண்டைவிட இது இரண்டரைக் கோடி மடங்கு பெரிது, அதுவும் எதிர்த்திசையில். 35 டிகிரி சேலத்திலும் அதே 0.3 போகும் என்பதால், மலைதான் காரணம் என்று சொல்ல அந்தக் கடிகாரத்துக்கு யோக்கியதை இல்லை. கையில் கட்டியிருந்தால் உடம்புச் சூடு அதைக் காப்பாற்றிவிடும்.

செல்போனை நம்பவே வேண்டாம். டவர் கிடைத்ததும் தானாக நேரத்தைத் திருத்திக்கொள்ளும். கதைக்கு அது உதவும் என்று தோன்றுகிறது. களத்தை விட்டு வெளியே வந்ததும் எல்லார் போனிலும் தேதி ஒரே சமயத்தில் குதிக்கட்டும்.

மலைக்கதைக்காரன் | நவம்பர் 4, காலை 9.20

சரி, மலையை விட்டுவிட்டேன். பாட்டுத்தான் செய்கிறது. எப்படி?

ரவைத்தொப்பி | நவம்பர் 4, பகல் 1.05

அதை வெளியே போய்த் தேடவே வேண்டாம். நம் பாட்டுக்காரர்கள் வேகத்தையே 'காலம்' என்றுதான் சொல்கிறார்கள். முதற்காலம், இரண்டாங்காலம், மூன்றாங்காலம். வேகம் நிலையாக நின்றால் அது காலப்பிரமாணம். 'அவருக்குக் காலப்பிரமாணம் ஓடும்' என்று சபாவில் யாராவது குறைப்பட்டுக்கொண்டால் உங்கள் கதையைத்தான் சொல்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

பல்லவி பாடும்போது இரண்டு வேலை உண்டு. அனுலோமம் என்றால் தாளம் அசையாமல் நிற்கும், பல்லவி பாதி வேகம், சம வேகம், இரட்டை வேகம் என்று மாறும். பிரதிலோமம் என்றால் பல்லவி அதே நடையில் போகும், கைத்தாளத்தின் வேகம் மாறும். களத்தில் இருப்பவர்கள் பல்லவி, சேலம் தாளம். எது அசைகிறது, எது நிற்கிறது என்பதை முதல் பக்கத்திலேயே தீர்மானித்துவிடுங்கள்.

கொண்டைஊசி20 | நவம்பர் 4, பகல் 1.31

வேகத்தைக் கூட்டிக்கொண்டே போவது அனுலோமம், குறைப்பது பிரதிலோமம் என்றும் பாடம் சொல்லிக்கொடுக்கிறார்களே.

ரவைத்தொப்பி | நவம்பர் 4, பகல் 2.10

ஆமாம், இரண்டு வழக்கும் உண்டு. அதை இங்கே தீர்க்கப் போனால் கதை நிற்கும். நான் சொன்ன பொருளில் எடுத்துக்கொண்டால் இவருக்கு வேலை நடக்கும்.

ஒரு மணி நேரம் ஒரு நாளாகும் அந்த 24 மடங்குக்கு வருகிறேன். 24 என்பது 2 × 2 × 2 × 3. மூன்று முறை இரட்டிப்பு, ஒரு திஸ்ரம், அதாவது மூன்றாகப் பிரிப்பது. எண் அழகாகத்தான் இருக்கிறது. சங்கடம் காதில். ஒரு தட்டுக்கும் அடுத்ததற்கும் இடையே 2 விநாடிக்கு மேல் போனால் மனசு அதைத் தாளமாக எடுத்துக்கொள்ளாது, தனித்தனி சத்தமாகத்தான் கேட்கும். 0.1 விநாடிக்குக் கீழே போனால் தட்டுகள் ஒன்றோடொன்று ஒட்டிவிடும். இரண்டுக்கும் நடுவே மொத்தம் 20 மடங்குதான் இடம். 24 அதில் அடங்காது. 16 அடங்கும், நாலு இரட்டிப்பு. சாயங்காலம் 6 மணிக்கு ஆரம்பித்து ஒரு மணி நேரம் பாடினால் சேலத்தில் மறுநாள் காலை 10 மணி.

சுருதிப்பெட்டி | நவம்பர் 4, இரவு 11.15

நிறுத்தும் விதம். ஒலி 15 டிகிரியில் விநாடிக்கு 340 மீட்டர் போகும். 4 மீட்டர் தள்ளி நிற்பவர் குரல் 12 மில்லிசெகண்டு கழித்துத்தான் வந்து சேரும். ஸ்டான்ஃபோர்டில் இருவரைத் தனித்தனி அறையில் வைத்து, ஒருவர் கைதட்டு மற்றவருக்குச் செயற்கைத் தாமதத்தோடு கேட்கும்படி சோதித்தார்கள். தாமதம் 11.5 மில்லிசெகண்டுக்குக் குறைந்தால் தட்டும் வேகம் தானாகக் கூடியது. அதற்கு மேல் போனால் இழுக்க ஆரம்பித்தது. அதாவது ஏறத்தாழ 4 மீட்டர்தான் எல்லை. நெருங்கி நின்றால் ஓடும், விலகி நின்றால் தேங்கும். உங்கள் கதைக்கு வேண்டிய சாவி இதுதான்.

24 பேர், ஆளுக்கு 60 சென்டிமீட்டர் இடம். மூன்று வரிசை, வரிசைக்கு 8 பேர், அரைவட்டம் போட்டால் இரு முனைக்கும் நடுவே 3 மீட்டர், 9 மில்லிசெகண்டு. ஓடும் குழு. இரண்டு வரிசை, வரிசைக்கு 12 பேர் என்றால் முனைகளுக்கிடையே 4.6 மீட்டர், 13.5 மில்லிசெகண்டு. ஏறத்தாழ நிலையாக நிற்கும், லேசான இழுப்போடு. ஆளுக்கு 2 மீட்டர் இடைவெளி விட்டு முழு வட்டமாக நின்றால் குறுக்களவு 15 மீட்டர், 45 மில்லிசெகண்டு. இது தேங்கும் குழு. களத்தின் சிமெண்டுத் தரையில் வட்டம் போடச் சுண்ணாம்பும் கயிறும் போதும்.

வேகம் நிமிஷத்துக்கு 60 தட்டு என்றால் ஒவ்வொரு தட்டும் 45 மில்லிசெகண்டு நீளும். 22 தட்டில் வேகம் பாதியாகிவிடும்.

கொண்டைஊசி20 | நவம்பர் 5, காலை 7.02

கடைசி பாரா தப்பு. ஆள் என்ன பொம்மையா? தாமதம் பழகியதும் அடுத்த தட்டை முன்கூட்டியே எதிர்பார்த்து அடிக்க ஆரம்பித்துவிடுவார்கள். இழுப்பு இருக்கும், ஆனால் நேர்கோடாக அப்படியே கூடிக்கொண்டே போகாது.

இன்னொன்று. நடுவில் கையசைக்கும் நடத்துநர் இருந்தால் எல்லாரும் கையைப் பார்ப்பார்கள். வெளிச்சத்துக்குத் தாமதம் கிடையாது, உங்கள் 45 மில்லிசெகண்டும் காலி.

சுருதிப்பெட்டி | நவம்பர் 5, காலை 7.48

ஒத்துக்கொள்கிறேன், 22 தட்டுக் கணக்கை அடித்துவிடுங்கள்.

நடத்துநர் விஷயம் கதைக்கு நல்லது. நவம்பரில் ஏற்காட்டில் பனிமூட்டம் இறங்கினால் 15 மீட்டர் வட்டத்தின் எதிர்ப்பக்கம் நிற்பவர் மங்கிவிடுவார். கை தெரியாது, காது மட்டும்தான். அப்போதுதான் தேக்கம் ஆரம்பிக்கும். மூட்டம் கலைந்தால் கண் வேலை செய்யும், கால வளைவு நின்றுவிடும். பாட்டை நிறுத்துவது யார் என்ற கேள்வியே உங்களுக்கு வேண்டாம், காற்று பார்த்துக்கொள்ளும். மூட்டத்தில் குரல் அமுங்கிவிடும் என்றும் பயப்பட வேண்டியதில்லை. ஈரக்காற்று வறண்ட காற்றைவிட மேல்சுருதி ஒலிகளைக் குறைவாகத்தான் விழுங்கும்.

ரவைத்தொப்பி | நவம்பர் 5, காலை 8.30

மிருதங்கம் வைக்காதீர்கள். அந்த ஈரத்தில் தோல் தொய்ந்து சுருதி இறங்கும். கல்லால் தட்டி ஏற்றிக்கொண்டே இருப்பதற்குள் சேலத்தில் பொங்கல் வந்துவிடும்.

மலைக்கதைக்காரன் | நவம்பர் 5, இரவு 8.00

ஒரு மணி நேரம் இடைவிடாமல் எப்படிப் பாடுவார்கள்? மூச்சு?

சுருதிப்பெட்டி | நவம்பர் 5, இரவு 8.35

மாற்றி மாற்றி மூச்சு வாங்குவதுதான் வழி. நாலு பிரிவு, பிரிவுக்கு 6 பேர். நிதானமான சத்தத்தில் ஒரு மூச்சு 12 விநாடி நிற்கும், வாங்க 2 விநாடி. எந்த நேரத்திலும் ஏழில் ஒருவர் ஊமை, அதாவது பிரிவுக்கு ஒருவர். விட்டுப்போகும் முன் சத்தத்தைத் தணிக்க வேண்டும், திரும்பி வரும்போது அதே உயிரெழுத்தில் மெல்ல நுழைய வேண்டும். பக்கத்து ஆள் வாங்கும்போது வாங்கக் கூடாது. எடுப்பில், அதாவது தாளத்தில் பாட்டு தொடங்கும் இடத்தில், வாங்கவே கூடாது, அங்கேதான் எல்லாருக்கும் வாங்கத் தோன்றும். சொல்லைத் தேர்ந்தெடுக்கும்போது ஆ, ஓ அதிகம் வரட்டும். முடிவு 'ம்' என்றால் வாய் மூடிய பிறகும் சுருதி நிற்கும். வல்லினத்தில் முடியும் சொல் வைத்தால் 24 பேரும் 24 நேரத்தில் வெட்டுவார்கள். ச, ஸ கூடவே கூடாது, வட்டம் முழுக்கப் பாம்பு சீறும்.

சுருதிப்பெட்டி | நவம்பர் 6, இரவு 12.20

தூங்கப் போய்விட்டுத் திரும்பி வந்தேன். 16 மடங்கு நடக்காது. நம் எல்லாருக்குமே தோன்றாமல் போய்விட்டது.

களத்தில் காலம் 16 மடங்கு மெதுவு என்றால், வேலிக்கு வெளியே நிற்பவர் காதில் தாளம் மட்டுமா மெதுவாகும்? சுருதியும் இறங்கும். ஒவ்வொரு பாதிக்கும் ஒரு ஸ்தாயி. நாலு இரட்டிப்புக்கு நாலு ஸ்தாயி. ஆறு கட்டைச் சுருதியில் 220 ஹெர்ட்ஸில் ஒருவர் பாடினால் வெளியே 13.75 ஹெர்ட்ஸ்தான் வரும். மனிதக் காது ஏறத்தாழ 20-லிருந்துதான் பிடிக்கும். ஆகவே பாட்டே கேட்காது, தகரக் கொட்டகையும் ஜன்னல் கண்ணாடியும் வேண்டுமானால் அதிரும். உள்ளே இருப்பவர்களுக்கு நேரெதிர். தோட்டத்துக்கு வெளியே 400 ஹெர்ட்ஸில் அலறும் பஸ் ஹாரன் 6,400-க்கு ஏறி, பதினாறில் ஒரு பங்கு நேரத்தில் சில்வண்டு மாதிரி கீச்சிட்டு முடியும்.

கொண்டைஊசி20 | நவம்பர் 6, காலை 6.10

ஒலிக்கு என்ன கதியோ ஒளிக்கும் அதேதான். இங்கேதான் கதை தீப்பிடிக்கிறது, நிஜமாகவே.

ஏற்காட்டின் லேடீஸ் சீட் காட்சிமுனையிலிருந்து இரவில் சேலத்து விளக்குகள் தெரியுமே, அதே மாதிரி களத்திலிருந்து பார்ப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். அந்த வெளிச்சம் 16 மடங்கு அலைநீளம் குறுகிக் கடும் புறஊதாவுக்குள் போய்விடும். விளக்கெல்லாம் மறையும். ஆனால் ஊர் இருளாகாது. 35 டிகிரியில் இருக்கும் தரையும் சுவரும் கண்ணுக்குத் தெரியாத வெப்ப அலையை விட்டுக்கொண்டே இருக்கின்றன, 9 மைக்ரான் சுமாருக்கு. அது 16-ஆல் வகுபட்டுக் கண்ணுக்குத் தெரியும் மஞ்சள்-ஆரஞ்சில் வந்து விழும். கெல்வினில் சொன்னால் 308 பெருக்கல் 16, ஏறத்தாழ 4,900. சூரியன் மேற்பரப்பு 5,800. சேலம் முழுக்க ஒரு சின்னச் சூரியனாக எரிவது தெரியும். 24 பேரும் காபிக்கொட்டை வறுபடுவது மாதிரி வறுபடுவார்கள்.

ரவைத்தொப்பி | நவம்பர் 6, காலை 6.41

சேலத்து வெயிலைப் பற்றி இதைவிடச் சரியாக யாரும் சொன்னதில்லை.

மலைக்கதைக்காரன் | நவம்பர் 6, காலை 9.05

அப்படியென்றால் குறைத்துக்கொள்கிறேன். இரண்டு மடங்கு? ஒன்றரை?

கொண்டைஊசி20 | நவம்பர் 6, மாலை 5.50

நாலாகப் பிரிக்கும் சதுஸ்ரத்திலிருந்து திஸ்ர நடை, அதாவது 4-க்கு 3 என்று பார்த்தேன். மேலே ஒரு மணி நேரம், கீழே 1 மணி 20 நிமிஷம். 308 பெருக்கல் 4, வகுத்தல் 3, 411 கெல்வின், 138 டிகிரி. இட்லிச் சட்டியைவிடச் சூடு. 9-க்கு 8 வைத்தாலும் 73 டிகிரி. பகலில் பாடினால் சூரியனும் சேர்ந்துகொள்ளும். 4-க்கு 3 என்றால் வெயில் மும்மடங்குக்கு மேல்.

சுருதிப்பெட்டி | நவம்பர் 6, இரவு 10.02

81-க்கு 80 வையுங்கள்.

ஆதார சுரமான ஸட்ஜத்திலிருந்து பஞ்சமம் பஞ்சமமாக நாலு படி ஏறுங்கள்: ஸ, ப, ரி, த, க. இரண்டு ஸ்தாயி இறக்கினால் கிடைக்கும் காந்தாரம், ஸட்ஜத்தோடு நேரே இழைந்து நிற்கும் அந்தர காந்தாரத்தைவிட ஒரு துளி உயரம். அந்தத் துளிதான் 81/80, பிரமாண சுருதி. சென்ட் கணக்கில் 21.5; அரைச்சுரத்தில் நூறில் ஒரு பங்குதான் ஒரு சென்ட். பல குரல் சேர்ந்து சுத்தமாக இழைத்துப் பாடும் குழுவுக்கு இது பழைய தலைவலி. சில சுரக்கோர்வைகளை ஒவ்வொரு சுற்றிலும் சுத்தமாகப் பாடினால் ஆரம்பித்த ஸட்ஜத்துக்குத் திரும்ப முடியாது, ஒரு துளி தள்ளித்தான் முடியும். இத்தாலியில் பெனெடெட்டி என்ற கணித அறிஞர் 16-ஆம் நூற்றாண்டிலேயே இதைக் கணக்குப் போட்டுக் காட்டினார். அஞ்சு சுற்றில் கிட்டத்தட்ட அரைச்சுரம் போய்விடும்.

வெப்பம்: 308 பெருக்கல் 81, வகுத்தல் 80. 312 கெல்வின். நாலு டிகிரிதான் கூடுதல். பனியில் நிற்பவர்களுக்குச் சேலம் பக்கத்துக் கன்னத்தில் மட்டும் லேசான சூடு. பகல் வெயில் நூற்றுக்கு 5 கூடும், யாருக்கும் தெரியாது.

நேரம்: ஒரு மணிக்கு 45 விநாடி.

மலைக்கதைக்காரன் | நவம்பர் 6, இரவு 10.20

45 விநாடியை வைத்துக்கொண்டு என்ன கதை எழுத?

சுருதிப்பெட்டி | நவம்பர் 6, இரவு 11.30

ஒரு மணி நேரம் வளைக்க 80 மணி நேரம் பாட வேண்டும். அதில் கதை இல்லையா?

வளைகிறதா என்று களத்தில் எப்படித் தெரிந்துகொள்வார்கள் என்பதையும் யோசித்தேன். வேலிக்கு வெளியே ஒரு எலக்ட்ரானிக் சுருதிப் பெட்டியை ஆறு கட்டையில், 220-ல் ஓடவிட்டு வையுங்கள். உள்ளே அதேபோல் இன்னொன்று. வளையாத வரை இரண்டும் ஒன்றாக இழையும். வளைந்ததும் வெளிப்பெட்டி உள்ளே 222.75 ஆகக் கேட்கும். இரண்டும் மோதி, சத்தம் விநாடிக்கு இரண்டே முக்கால் தடவை ஏறி இறங்கி விம்மும். அந்த விம்மல்தான் மீட்டர். விம்மல் 2.75-ஐத் தாண்டினால் வட்டத்தை ஒரு அடி சுருக்கு, குறைந்தால் விரி.

புல்லாங்குழலை வைத்து அளக்க வேண்டாம். காற்று ஒரு டிகிரி குளிர்ந்தால் குழல் 3 சென்ட் இறங்கும். 7 டிகிரி இறங்கினாலே பிரமாண சுருதி அளவு பொய் காட்டும். சேலத்திலிருந்து ஏற்காட்டுக்கு ஏற்றிக் கொண்டுபோனாலே அவ்வளவு குளிரும்.

ரவைத்தொப்பி | நவம்பர் 7, காலை 6.15

உள்பெட்டியை எடுத்துவிடுங்கள். பக்கத்திலேயே ஸட்ஜம் ஒலித்துக்கொண்டிருந்தால் குழு ஒவ்வொரு சுற்றும் அங்கே வந்து ஒட்டிக்கொள்ளும், நகரவே நகராது. தம்புரா இருக்கும் இடத்தில் சுருதி நழுவாது, அதற்குத்தானே தம்புரா. நகர வேண்டும் என்றால் நங்கூரம் உள்ளே இருக்கக் கூடாது.

சுருதிப்பெட்டி | நவம்பர் 7, காலை 7.20

சரிதான். அப்படியானால் விம்மலை யார் கேட்பது? பாடாத ஒருவர், 25-ஆவது ஆள். வட்டத்துக்குள்ளே உட்கார்ந்து உள்பெட்டியைக் காதில் மாட்டிக்கொண்டு, வெளியிலிருந்து வருவதோடு ஒப்பிட வேண்டும். காதுக்கருவி ஒரு பக்கம், வெறுங்காது ஒரு பக்கம்.

குழு களைத்துப்போய்ச் சுருதி இறங்குவதையும் வளைவையும் குழப்பிக்கொள்ளக் கூடாது. களைப்பில் சுருதி இறங்கும், தாளம் இறங்க வேண்டும் என்று கட்டாயமில்லை. வளைவில் இரண்டும் ஒரே விகிதத்தில் இறங்கும், பேட்டரி தீர்ந்த டேப்ரிக்கார்டர் மாதிரி. அதுவும் வேலிக்கு வெளியே நிற்பவருக்கு மட்டும். உள்ளே இருக்கும் 24 பேருக்குத் தங்கள் பாட்டில் எதுவுமே மாறியதாகத் தெரியாது.

கொண்டைஊசி20 | நவம்பர் 7, இரவு 9.44

எடுப்பை என்ன செய்யப் போகிறீர்கள்? சமத்தில், அதாவது தாளத்தின் முதல் தட்டிலேயே, எடுக்காதீர்கள். தாளம் தொடங்கும் முன்பே பாட்டு தொடங்கினால் அதீதம், பின்னால் தொடங்கினால் அனாகதம். களத்தில் சமத்தில் எடுத்தாலும் 80 மணி நேரம் ஆனபிறகு சேலத்துத் தாளத்துக்கு அது என்ன எடுப்பு?

ரவைத்தொப்பி | நவம்பர் 7, இரவு 10.05

அனாகதம். சேலம் ஒரு மணி நேரம் முன்னாலேயே தட்டிவிட்டுக் காத்திருக்கும்.

மலைக்கதைக்காரன் | நவம்பர் 8, காலை 5.58

மாற்றி எழுதிவிட்டேன். பாட்டு ஒரு மணி நேரம்தான், 81-க்கு 80. மூட்டம் கலைகிறது, கைகள் தெரிகின்றன, வட்டம் நிற்கிறது. 24 பேரும் கொண்டுவந்த கம்பளியைச் சுருட்டிக்கொண்டு பஸ் நிறுத்தத்துக்கு ஓடுகிறார்கள். கடைசி பஸ் முதல் கொண்டை ஊசியில் திரும்பும்போது அதன் பின்விளக்கு தெரிகிறது. 45 விநாடி.

25-ஆவது ஆள் மட்டும் ஓடவில்லை. அவர் காதில் உள்பெட்டி இன்னும் ஓடுகிறது. வெளிப்பெட்டி வேலியோரம் ஈரத்தில் நின்றுபோயிருக்கிறது, எப்போது நின்றது என்று அவருக்குத் தெரியவில்லை.

சுருதிப்பெட்டி | நவம்பர் 8, காலை 6.30

வெளிப்பெட்டியைப் பாலித்தீன் பையில் போட்டு வையுங்கள் என்று சொல்ல மறந்துவிட்டேன்.